அடுப்பை ஏற்று, வண்டியை ஓட்டு!

"அம்மா, சாயங்காலம் சீக்கிரமா காப்பியைக் குடிச்சுட்டுக் கிளம்பணும். சமையல் வண்டி ரேஸ் பார்க்கப் போறோம்" என்றாள் என் பெண்.

சமையல் வண்டிக்கு ரேஸா? எனக்குச் சிரிப்புத்தான் வந்தது. கொதிக்கிற எண்ணெய்ச் சட்டியோடு நாலு பஜ்ஜிக் கடைத் தள்ளுவண்டிகள் தலைதெறிக்க ஓடுகிற மாதிரி ஒரு காட்சி மனசில் வந்து போயிற்று. "சிரிக்காதீங்க பாட்டி, பார்த்தா பயந்துடுவீங்க" என்றாள் ஏழு வயசுப் பேத்தி. அவள் சொன்னதுதான் கடைசியில் நடந்தது.

கனடாவின் மேற்குப் பக்கத்தில், ராக்கி மலைத்தொடருக்குக் கிழக்கே, ஆல்பர்ட்டா மாநிலத்தில் இருக்கிறது கால்கரி நகரம். கடல் மட்டத்திலிருந்து ஆயிரம் மீட்டருக்கு மேல் உயரம். ஒரு காலத்தில் சுற்றிலும் மாட்டுப் பண்ணைகள். பிற்பாடு எண்ணெய்க் கம்பெனிகளின் கண்ணாடிக் கோபுரங்கள். ஆனால் ஜூலை மாதம் வந்துவிட்டால் போதும், பத்து நாளைக்கு ஊரே பழைய மாட்டுக்காரர் வேஷம் போட்டுக்கொள்கிறது. பாங்கியில் பணம் எண்ணுகிறவரும், ஆஸ்பத்திரியில் சீட்டு எழுதுகிற பெண்ணும், பள்ளிக்கூடக் குழந்தையும், எல்லாருக்கும் அகலத் தொப்பி, ஜீன்ஸ், குதிகால் வைத்த பூட்ஸ். கடை ஜன்னல்களில் குதிரைப் படம். வாசலில் வைக்கோல் கட்டு. இந்தத் திருவிழாவுக்குக் 'கால்கரி ஸ்டாம்பீட்' என்று பெயர். ஸ்டாம்பீட் என்றால் மாட்டு மந்தை மிரண்டு ஓடுவது என்று அர்த்தம். முதன்முதலில் 1912-ல் கய் வீடிக் என்பவர் நடத்தியது.

விழாவின் நடுநாயகமே மாலையில் நடக்கும் இந்தச் சமையல் வண்டிப் பந்தயம்தான். அவர்கள் பாஷையில் 'சக்வேகன்'.

சக்கரத்தின் மேல் ஒரு சமையலறை

பந்தயத்தைச் சொல்வதற்கு முன்னால் அந்த வண்டியைப் பற்றிக் கொஞ்சம் சொல்லிவிடுகிறேன். நாம் இல்லத்தரசிகள், நமக்கு அதுதானே முதலில் ருசிக்கும்!

அந்தக் காலத்தில் ஆயிரக்கணக்கான மாடுகளை நூற்றுக்கணக்கான மைல் ஓட்டிக்கொண்டு போவார்கள். மாசக் கணக்கில் பயணம். வழியில் ஹோட்டலா, சத்திரமா? அத்தனை ஆள்களுக்கும் மூன்று வேளை சாப்பாடு யார் போடுவது? 1866-ல் அமெரிக்காவின் டெக்ஸாஸில் சார்லஸ் குட்நைட் என்ற பண்ணைக்காரர் இதற்கு ஒரு வழி கண்டுபிடித்தார். பட்டாளத்தார் உபயோகித்த கெட்டியான வண்டி ஒன்றை வாங்கி, அதன் பின்புறத்தில் ஒரு மரப் பீரோவைப் பொருத்தினார். அதில் சின்னச் சின்ன அறைகள், இழுப்பறைகள். காப்பிக்கொட்டைக்கு ஒன்று, மாவுக்கு ஒன்று, அவரைக்கு ஒன்று, உப்புக்கு ஒன்று, காயத்துக்குக் கட்டுப்போடும் துணிக்கும் மருந்துக்கும்கூட ஒன்று. பீரோவின் கதவைக் கீழே இறக்கி ஒரு காலை முட்டுக் கொடுத்தால் அதுவே மேஜை! பக்கத்தில் தண்ணீர்ப் பீப்பாய். மேலே வெயில் மழைக்குக் கித்தான். நம் வீட்டுச் சமையல் அலமாரியை அடுக்கிவைக்கத் திண்டாடும் நமக்கு, அந்த மனுஷரின் மூளையை மெச்சாமல் இருக்க முடியவில்லை.

இன்னொரு விஷயம் கேளுங்கள். ரொட்டிக்குப் புளித்த மாவை ஒரு ஜாடியில் போட்டுச் சமையற்காரர் கண்ணும் கருத்துமாகக் காப்பாற்றுவாராம். குளிர் ராத்திரிகளில் மாவு 'செத்துப்' போகாமலிருக்க, ஜாடியைத் தம் போர்வைக்குள்ளேயே வைத்துக்கொண்டு படுத்தவர்களும் உண்டாம். மார்கழியில் இட்லி மாவு பொங்கவில்லையே என்று பாத்திரத்தைச் சுற்றிக் கம்பளி போடுகிற நாம் அவரைப் பார்த்துச் சிரிக்க முடியுமா?

அந்தக் கூட்டத்தில் தலைவருக்கு அடுத்த மரியாதை சமையற்காரருக்குத்தான். அவரைப் பகைத்துக்கொண்டவன் பட்டினி!

வேலை முடிந்து பாசறையைக் கலைத்துக்கொண்டு புறப்படும்போது, யார் முதலில் போய்ச் சேருகிறார்கள் என்று வண்டிக்காரர்களுக்குள் போட்டி வந்துவிடுமாம். அதைத்தான் 1923-ல் கய் வீடிக் மைதானத்துக்குக் கொண்டுவந்தார். ஆரம்ப வருஷங்களில் வண்டி ஓடி வந்து நின்றால் மட்டும் போதாது. அடுப்பை இறக்கி மூட்டி, யார் அடுப்பில் முதலில் புகை கிளம்புகிறதோ அவருக்குத்தான் ஜயம்! இந்த ஒரு போட்டியில் மட்டும் நம்மூர்ப் பெண்களை விட்டிருந்தால் பரிசு வேறு யாருக்கும் போயிருக்காது.

அதே 1923-ல் இன்னொரு நல்ல வழக்கமும் பிறந்தது. ஜாக் மார்ட்டன் என்ற பண்ணைக்காரர் தம் சமையல் வண்டியை நகரத்தின் நடுவே நிறுத்தி, வருகிறவர் போகிறவருக்கெல்லாம் பான்கேக் சுட்டுப் போட்டார். அது இன்று வரை நிற்கவில்லை. ஸ்டாம்பீட் நாள்களில் காலையில் தெருவுக்குத் தெரு இலவசச் சிற்றுண்டி. கோயில் உற்சவத்துக்குப் பானகமும் நீர்மோரும் கொடுப்போமே, அந்த மாதிரி. அன்று காலை நாங்களும் வரிசையில் நின்றோம். முன்பின் தெரியாத ஒருவர் என் தட்டில் இரண்டு பான்கேக்கைப் போட்டு, "ஸ்டாம்பீடுக்கு வாங்கம்மா" என்கிற பாவனையில் தொப்பியைத் தொட்டார். (முட்டை சாப்பிடாதவர்கள் கவனிக்க: மாவில் முட்டை உண்டு.)

கொம்பு ஊதியது!

சாயங்காலம் ரயிலில் போய் இறங்கினோம். மைதானத்துக்கு எதிரே பெரிய பல அடுக்கு காலரி. மணி எட்டாகப் போகிறது. ஆனால் சூரியன் நம் ஊர் நாலு மணி மாதிரி அடித்துக்கொண்டிருந்தது. அங்கே ஜூலையில் பொழுது சாய ஒன்பதரைக்கு மேல் ஆகிறது.

"அத்தை, ஒரு ஓட்டம் ஒண்ணேகால் நிமிஷம்தான். கண்ணைச் சிமிட்டினா போச்சு" என்று மாப்பிள்ளை எச்சரித்தார். பிறகு பொறுமையாக விவரம் சொன்னார். நான் புரிந்துகொண்டதை உங்களுக்கும் சொல்கிறேன்.

ஒரு வண்டிக்கு நான்கு குதிரைகள். முன்னால் இரண்டு, பின்னால் இரண்டு. முன் ஜோடி துருதுருவென்று சட்டென்று திரும்பத் தெரிந்ததாக இருக்க வேண்டும். பின் ஜோடி வண்டியை இழுத்துத் தாங்குகிற பலசாலிகளாக இருக்க வேண்டும். நாலு குதிரைகளின் கடிவாள வாரும் ஒரே மனிதர் கையில். வண்டியும் அவருமாகச் சேர்ந்து சுமார் அறுநூறு கிலோ. கூடவே குதிரை மேல் வரும் துணைவீரர்கள். பழைய நாளில் வண்டிக்கு நாலு பேர். ஆபத்து அதிகம் என்று பின்னால் குறைத்துவிட்டார்கள்.

மைதானத்தின் நடுவில் ஒவ்வொரு வண்டிக்கும் இரண்டு பீப்பாய்கள் வைத்திருக்கிறார்கள். வண்டிகள் அவற்றின் பக்கத்தில் வந்து நிற்கின்றன. ஒரு துணைவீரர் முன் குதிரைகளின் தலைப் பக்கம் பிடித்துக்கொள்கிறார். இன்னொருவர் வண்டிக்குப் பின்னால் 'அடுப்பு' பக்கத்தில் நிற்கிறார். நிஜ அடுப்பு இல்லை. அதற்குப் பதிலாக ஒரு லேசான பீப்பாய். கொம்பு ஊதியதும் அடுப்பைத் தூக்கி வண்டியில் போட வேண்டும். வண்டி இரண்டு பீப்பாய்களையும் சுற்றி எட்டு என்ற எண் போல வளைந்து, ஓட்டப் பாதைக்குள் பாய வேண்டும். துணைவீரர்களும் தங்கள் குதிரைமேல் தாவி ஏறி, அதே எட்டைப் போட்டுக்கொண்டு பின்னாலேயே விரட்டி வர வேண்டும். பாதை ஏறக்குறைய ஒரு கிலோமீட்டர்.

முதலில் வந்துவிட்டால் மட்டும் ஜயித்ததாக ஆகாது. பீப்பாயை இடித்துத் தள்ளினால் ஐந்து விநாடி அபராதம். வண்டி கோட்டைத் தாண்டும்போது துணைவீரர் நூற்றைம்பது அடிக்கு மேல் பின்தங்கியிருந்தால் ஒரு விநாடி அபராதம். ஒரு விநாடியின் நூறில் ஒரு பங்கில் வெற்றி தோல்வி நிர்ணயமாகிற பந்தயத்தில், ஐந்து விநாடி என்றால் அன்றைய கதை முடிந்தது என்று அர்த்தம்.

முன்னெல்லாம் ஒரு ஓட்டத்துக்கு நாலு வண்டி, இப்போது மூன்று. நாங்கள் போன அன்று ஒன்பது ஓட்டங்கள்.

மைதானம் ஒரு கணம் அமைதியானது. குதிரைகளால் நிற்க முடியவில்லை. காலை மாற்றி மாற்றி வைத்துத் தலையை உதறுகின்றன. பாம்ம்ம் என்று கொம்பு! அடுப்பு வண்டிக்குள் விழுந்ததா இல்லையா என்று நான் பார்ப்பதற்குள் பன்னிரண்டு குதிரைகளும் மூன்று வண்டிகளும் ஒரே புழுதி. கித்தான் கூண்டு ஒரு பக்கமாகச் சாய்ந்து, பீப்பாயை ஒரு கை அகலத்தில் உரசிக்கொண்டு வளைகிறது. சக்கரம் ஒன்று தரையை விட்டுக் கிளம்பியதா, என் கண்தான் கிளம்பியதா, தெரியவில்லை. பேத்தி என் புடவைத் தலைப்பைப் பிடித்துக்கொண்டாள். குளம்புச் சத்தம் காதில் கேட்கவில்லை; உட்கார்ந்திருந்த பலகை வழியாக முதுகுத்தண்டில் ஏறியது.

கோவைப் பக்கத்து ரேக்ளாவைச் சின்ன வயசில் பார்த்தவள் நான். அந்த வேகம் வேறு, இது வேறு. ரேக்ளாவில் நேரே விரட்டினால் போதும். இங்கே முதலில் ஊசியில் நூல் கோக்கிற மாதிரி வளைய வேண்டும், அப்புறம்தான் வேகம். பல வருஷம் பார்த்தவர்கள் பீப்பாய்ப் பக்கம்தான் கண் வைக்கிறார்கள். அங்கே சுத்தமாகத் திரும்பி உள் ஓரத்தைப் பிடித்தவருக்குப் பாதி ஜயம் கிடைத்துவிடுகிறது.

கெல்லி சதர்லண்ட் என்ற ஓட்டுநர் இந்தப் பந்தயத்தைப் பன்னிரண்டு தடவை ஜயித்தவர். 1974-ல் முதல் ஜயம்; 2017-ல்தான் ஓய்வு பெற்றார். 'ராஜா' என்றே அவரைச் சொல்கிறார்கள். சில வீடுகளில் தாத்தா, அப்பா, பிள்ளை என்று தலைமுறை தலைமுறையாக இதே தொழில். கிளாஸ் குடும்பத்தில் நாலு தலைமுறை! கோடையில் குடும்பமே குதிரைகளையும் ஏற்றிக்கொண்டு ஊர் ஊராகப் போகும். தீனி வைப்பது, கால் தேய்ப்பது, சேணம் பூட்டுவது என்று மனைவி மக்கள் எல்லாருக்கும் வேலை இருக்கிறது. கைதட்டல் மட்டும் வெகுகாலம் ஆண்களுக்கே போயிற்று. 2022-ல்தான் ஆம்பர் லெரூ என்ற பெண் தொழில்முறைப் பந்தயச் சுற்றில் வண்டி ஓட்டிய முதல் பெண்மணி ஆனார்.

பக்கத்து நாற்காலி அம்மாள்

என் பக்கத்தில் என் வயசுக்காரியான ஓர் அம்மாள் உட்கார்ந்திருந்தாள். மற்றவர்கள் கத்தும்போது அவள் கத்தவே இல்லை. மடியில் தொப்பியை வைத்து அதன் விளிம்பைத் திருகிக்கொண்டே இருந்தாள். நான் புடவையில் இருந்ததால் அவளுக்கும் என் மேல் ஒரு கண். என் பெண் நடுவில் இருந்து மொழிபெயர்க்க, பேச்சுக் கொடுத்தோம். அவளுடைய இளைய பிள்ளை துணைவீரனாம். ஆறாவது ஓட்டத்தில் வருகிறானாம்.

"யார் ஜயிக்கிறாங்கன்னு எல்லாரும் பார்ப்பாங்க. நான் அவன் குதிரையில ஏறினானா, அப்புறம் பத்திரமா இறங்கினானான்னு மட்டும்தான் பார்ப்பேன்" என்றாள்.

ஜல்லிக்கட்டுக்குப் பிள்ளையை அனுப்பிவிட்டு வீட்டுத் திண்ணையில் உட்கார்ந்திருக்கும் அம்மாவை எனக்குத் தெரியும். பாஷைதான் வேறே, முகம் அதேதான்.

ஆறாவது ஓட்டம். கொம்பு ஊதியது. அவள் பிள்ளை அடுப்பைத் தூக்கிப் போட்டான். ஓடிப் போய்க் குதிரைமேல் தாவினான். கால் வளையத்தில் மாட்டாமல் வழுக்கிவிட்டது! குதிரை ஓட ஆரம்பித்துவிட்டது. சேணத்தைப் பிடித்துத் தொங்கினபடி நாலு தப்படி கூடவே ஓடினான். அம்மாள் என் கையைப் பிடித்தாள். எலும்பு நொறுங்கிவிடும் போல ஒரு பிடி. அடுத்த எம்பலில் பையன் ஏறி உட்கார்ந்துவிட்டான். ஆனால் வண்டி அதற்குள் வெகுதூரம் போயிருந்தது.

அவர்கள் வண்டிதான் முதலில் வந்தது. பையன் மட்டும் பின்தங்கிவிட்டான். ஒரு விநாடி அபராதம். முதல் இடம் போயிற்று. காலரியில் "ஐயோ" என்று ஒரு பெருமூச்சு. அம்மாள் மட்டும் கையை எடுத்து நெஞ்சில் வைத்துக்கொண்டு சிரித்தாள்.

"ஒரு விநாடிதானே, போகட்டும். ராத்திரி சாப்பிட மாட்டேன்னு முகத்தைத் தூக்கி வச்சுக்குவான். அதைச் சமாளிக்க எனக்குத் தெரியும்."

என் மணிக்கட்டில் அவளுடைய விரல் அடையாளம் மறுநாள் வரை இருந்தது.

"குதிரைக்கு வலிக்காதா பாட்டி?"

திரும்பி வரும்போது ரயிலில் பேத்தி இதைக் கேட்டாள். குழந்தை கேட்டுவிட்டால் மழுப்பக் கூடாது.

இந்தப் பந்தயத்தில் குதிரைகள் செத்திருக்கின்றன. 2019-ம் வருஷத்து விழாவில் மட்டும் சமையல் வண்டிப் பந்தயத்தில் ஆறு குதிரைகள். ஊரே கலங்கிப் போயிற்று. பந்தயத்தையே நிறுத்த வேண்டும் என்று விலங்கு நல அமைப்புகள் பல வருஷங்களாகக் கேட்டுவருகின்றன. என் பெண்ணின் அடுத்த வீட்டுக்காரி, அந்த ஊரிலேயே பிறந்தவள், காலைப் பான்கேக்குக்கு வருவாள். மாலைப் பந்தயத்துக்கு வரவே மாட்டாள்.

2019-க்குப் பிறகுதான் நாலு வண்டி மூன்றானது. மோதல் குறையட்டும், வளைய இடம் இருக்கட்டும் என்று. 2020-ல் கொரோனாவால் விழாவே நடக்கவில்லை. 2021-ல் விழா நடந்தும் இந்தப் பந்தயம் இல்லை. 2022-ல்தான் மறுபடி வந்தது. ஓட விடுவதற்கு முன்னால் கால்நடை வைத்தியர்கள் குதிரைகளைப் பரிசோதிக்கிறார்கள். இத்தனைக்குப் பிறகும் இழப்பு அடியோடு நின்றுவிடவில்லை.

மறு பக்கமும் இருக்கிறது. இந்தக் குதிரைகளில் மிகப் பெரும்பாலானவை சாதாரணக் குதிரைப் பந்தயத்தில் ஓடி, அங்கே இனி வேண்டாம் என்று கழிக்கப்பட்டவை. இங்கே அவற்றுக்கு இரண்டாவது வாழ்வு கிடைக்கிறது என்று ஓட்டுநர்கள் சொல்கிறார்கள். பக்கத்து நாற்காலி அம்மாளும் அதையே சொன்னாள். விடியற்காலை ஐந்து மணிக்குக் குதிரைக்குத் தீனி வைத்த பிறகுதான் அவள் வீட்டில் மனுஷர்களுக்குக் காப்பியாம். ஒரு குதிரை போனபோது வீட்டில் ஒரு வாரம் யாரும் வாய்விட்டுப் பேசவில்லையாம். அவள் கண்ணைப் பார்த்தேன், பொய் இல்லை.

இரண்டும் நிஜம். இதில் எது பெரிசு என்று எனக்குத் தீர்ப்புச் சொல்லத் தெரியவில்லை. பேத்தியிடம், "வலிக்கும்டா கண்ணு. சில சமயம் ரொம்ப மோசமாவும் ஆயிடும். அதனாலதான் ஜாக்கிரதை போதாதுன்னு பெரியவங்க சண்டை போட்டுக்கிட்டு இருக்காங்க" என்றேன். கொஞ்ச நேரம் யோசித்தாள். "அப்போ ஒரு விநாடி லேட்டா வந்தாலும் பரவாயில்லைன்னு எல்லாரும் நினைச்சா?" என்றாள். என்னிடம் பதில் இல்லை. மாப்பிள்ளை ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார்.

போகிறவர்களுக்குச் சில குறிப்புகள்

* பிள்ளை, பெண்ணைப் பார்க்கக் கால்கரி போகிறவர்கள் ஜூலையில் போவதானால் முன்கூட்டியே டிக்கெட்டுக்குச் சொல்லி வையுங்கள். பந்தயத்துக்குப் பிறகு அதே காலரியில் பாட்டும் ஆட்டமும் வாணவேடிக்கையும் உண்டு.

* பகலில் வெயில் சுரீர் என்று அடிக்கும். பொழுது சாய்ந்ததும் குளிர் வந்துவிடும். ஸ்வெட்டர் கட்டாயம். பாதத்துக்குச் செருப்பை விட மூடின ஷூ நல்லது.

* உயரமான, வறண்ட ஊர். உதடு வெடிக்கும், தலை வலிக்கும். தாகம் எடுக்கும் வரை காத்திராமல் தண்ணீர் குடித்துக்கொண்டே இருங்கள். குழந்தைகளுக்கு உதட்டில் கொஞ்சம் வெண்ணெய் அல்லது வாஸலின் தடவிவிடுங்கள்.

* கொம்புச் சத்தமும் வாணவேடிக்கையும் கைக்குழந்தைகளுக்கு ஆகாது. காதை மூடும் உறை வாங்கி மாட்டுங்கள், அல்லது வீட்டிலேயே விட்டுவிட்டு ஒருவர் துணை இருங்கள்.

* எல்போ ஆற்றங்கரையில் அந்த மண்ணின் ஆதிக்குடிகளின் கூடாரங்கள் இருக்கின்றன. ஐந்து குடிகளைச் சேர்ந்த குடும்பங்கள் விழா நாள்களில் அங்கே தங்கித் தங்கள் நடனத்தையும் கைவேலையையும் காட்டுகின்றன. கூட்டத்துக்குப் பயப்படுகிறவர்கள் அங்கே நிதானமாகப் பொழுது போக்கலாம்.

* குழந்தைகளை அழைத்துப் போவதானால், விபத்து நேரக்கூடும் என்பதை முன்னாலேயே சொல்லி வையுங்கள். அவர்கள் கேள்வி கேட்பார்கள். பதிலை யோசித்து வைத்துக்கொண்டு போங்கள். நான் யோசிக்காமல் போய் மாட்டிக்கொண்டேன்!

வீட்டுக்கு வந்தபோது மணி பன்னிரண்டு. "பசிக்குது" என்றாள் பேத்தி. ஃப்ரிஜ்ஜில் இருந்த மாவை எடுத்து அடுப்பைப் பற்றவைத்து ஒரு தோசை வார்த்தேன். கல்லிலிருந்து புகை எழும்பியதும் பேத்தி மேஜையைத் தட்டிக்கொண்டு கூவினாள்:

"பாட்டிக்குத்தான் முதல் புகை! பாட்டி ஜயிச்சாச்சு!"